அவன் ஆடியதைச் சொல்

பல்லடம்,
ஆடி 5.

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுவது. அம்மாவுக்குச் சர்க்கரை கட்டுக்குள் இருக்கிறது. இந்த ஆடிக் காற்றில் வாசல் திண்ணையில் உட்காராதே என்றால் மட்டும் காதில் போட்டுக்கொள்வதில்லை. உன் மச்சான் பண்ணையில் புதுக் குஞ்சு இறக்கியிருக்கிறார், ராப்பகல் அங்கேயேதான் கிடக்கிறார்.

நீ அனுப்பிய பேச்சைப் படித்தேன். வெலிங்டன் மெஸ்ஸில் கோப்பை கொடுக்கிற அன்றைக்கு அந்தக் காலத்து கோல்ஃப் வீரன் ஃப்ரெடி டெய்ட்டைப் பற்றிப் பேசப் போவதாகவும், பந்து பறக்கிற கணக்கை மட்டும் சரிபார்த்துத் தரும்படியும் எழுதியிருந்தாய். காலமெல்லாம் பிளஸ் டூ பிள்ளைகளுக்கு இயற்பியல் நடத்தியவளுக்கு அதில் சிரமம் இல்லை, பார்த்துவிட்டேன். ஆனால் கணக்கோடு நிறுத்திக்கொள்ள மனசு வரவில்லை. போர்க்களத்தில் உயிரைக் கொடுத்ததுதான் அவன் வாழ்க்கைக்கு மணிமகுடம் என்று பேச்சை முடித்திருக்கிறாய். அடுத்த மாதம் நீயே வடக்கே பட்டாலியனுக்குக் கிளம்புகிறாய். உன் கையெழுத்தில் அந்த வரியைப் படிக்க எனக்கு முடியவில்லை, கண்ணு. போனில் சொன்னால் நீ பேச்சை வேறு பக்கம் திருப்பிவிடுவாய். அதனால்தான் காகிதம் எடுத்தேன்.

கணக்கை முதலில் முடித்துவிடுகிறேன். எடின்பரோ பல்கலைக்கழகப் பேராசிரியர் பீட்டர் கத்ரி டெய்ட், கோல்ஃப் பந்து இத்தனை கெஜத்துக்கு மேல் பறக்கவே பறக்காது என்று நிரூபித்தார், மறுநாளே அவர் மகன் ஃப்ரெடி அதற்கும் அப்பால் அடித்து அப்பனின் கணக்கைப் பொய்யாக்கினான் என்று எழுதியிருக்கிறாய். நீயாகக் கட்டிய கதை இல்லை, நூறு வருடத்துக்கு மேலாகப் புத்தகத்துக்குப் புத்தகம் தாவி வருகிற கதைதான். கேட்க நன்றாகவும் இருக்கிறது. ஆனால் அது அந்த மனிதருக்குச் செய்கிற அநியாயம்.

நடந்தது இதுதான். சுழலாத பந்து ஒன்றை இன்ன வேகத்தில், இன்ன கோணத்தில் அடித்தால் எவ்வளவு தூரம் போகும், எத்தனை விநாடி காற்றில் நிற்கும் என்று அவர் கணக்கிட்டுப் பார்த்தார். செயின்ட் ஆண்ட்ரூஸ் மைதானத்தில் கண்ணெதிரே பறந்த பந்துகளோ அதைவிட நெடுநேரம் காற்றில் நின்றன. கணக்குக்கும் கண்ணுக்கும் நடுவே விழுந்த அந்த இடைவெளியை அவர் தள்ளிவிடவில்லை, அதற்குள்ளேயே புகுந்து தேடினார். பந்து பின்னோக்கிச் சுழன்றுகொண்டே முன்னால் போகிறது என்பதுதான் விடை. மட்டையின் முகம் சாய்ந்திருப்பதால் அந்தச் சுழற்சி வருகிறது. சுழலும் பந்து தன்னைக் கடந்துபோகிற காற்றைக் கீழே திருப்பிவிடுகிறது, காற்று பதிலுக்குப் பந்தை மேலே தள்ளுகிறது. கேத்தனூர்ப் பக்கம் இந்த மாதமெல்லாம் இரைந்துகொண்டு நிற்கிற காற்றாலைகளின் இறக்கைகளைச் சுற்றவைப்பதும் இதே வகை விசைதான். சுழலும் பந்து வளைந்து போவதை நியூட்டனே டென்னிஸ் பந்தில் கண்டு எழுதியிருக்கிறார். ஜெர்மனியின் மாக்னஸ் 1852இல் அதைச் சோதனைக்கூடத்தில் ஆராய்ந்தார். கோல்ஃப் பந்தின் நெடும் பறத்தலுக்குக் காரணமே அந்தச் சுழற்சிதான் என்று சமன்பாட்டோடு எடுத்துக்காட்டியவர் டெய்ட். 1893லும் 1896லும் எடின்பரோ ராயல் சொசைட்டி வெளியிட்ட கட்டுரைகளில் அது இருக்கிறது.

சுழற்சியை எப்படி அளந்தார் தெரியுமா? அந்தக் காலத்தில் அதிவேகக் கேமரா ஏது. ஒரு நீள நாடாவின் ஒரு முனையைப் பந்தில் பொருத்தி, மறுமுனையை அசையாமல் கட்டி, நாடாவை முறுக்கில்லாமல் விரித்துப் போட்டுவிட்டு, எதிரே களிமண் சுவரில் போய்ப் பதியும்படி பந்தை அடிக்கச் சொன்னார். அப்புறம் நாடாவில் எத்தனை முறுக்கு விழுந்திருக்கிறது என்று எண்ணினார். இதைப் படித்த அன்றைக்கு, இன்னும் பள்ளிக்கூடத்தில் இருந்திருக்கக் கூடாதா என்று ஏங்கினேன். கெல்வின் பிரபுவோடு சேர்ந்து 1867இல் பெரிய இயற்பியல் நூல் எழுதியவர், மாக்ஸ்வெல்லுக்குப் பள்ளித் தோழர், முடிச்சுகளை வகைப்படுத்திப் பட்டியலிட்டவர். அப்பேர்ப்பட்டவர் மகன் ஆடுகிற ஆட்டத்துக்காக நாடாவும் களிமண்ணும் தூக்கிக்கொண்டு நின்றிருக்கிறார். அதைச் சொல், மெஸ்ஸில் இருக்கிற சின்னப் பையன்களுக்கும் பிடிக்கும்.

1893 ஜனவரியில் ஃப்ரெடி அடித்த அடி நிஜம்தான். செயின்ட் ஆண்ட்ரூஸில் தரை பனியில் உறைந்து கல்லாய்க் கிடந்தது. பந்து 250 கெஜம் காற்றிலேயே போய், விழுந்து, உருண்டு, 341 கெஜம் தாண்டி நின்றது. நம் கணக்கில் ஏறத்தாழ 312 மீட்டர். உறைந்த தரை கைகொடுத்தது என்பதையும் சேர்த்தே சொல்லிவிடு. ஆனால் அது நடப்பதற்கு முன்பே அப்பா சுழற்சியைக் கண்டுபிடித்திருந்தார். மகனின் அடி அவரைத் தோற்கடிக்கவில்லை, அவர் கண்டதற்குச் சாட்சியாகத்தான் போய் விழுந்தது.

அந்தப் பந்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. இப்போது நீ ஆடுகிற ரப்பர்ப் பந்து இல்லை அது. மலாயாக் காட்டு மரங்களின் பாலைக் காய்ச்சி உருட்டிய கட்டாபெர்ச்சாப் பந்து. நம் இலுப்பையும் சப்போட்டாவும் எந்தக் குடும்பமோ, அந்த மரமும் அதே குடும்பம். வழவழவென்று புதிதாக இருக்கும்போது சரியாகப் பறக்காது. அடிபட்டு அடிபட்டு மேலெல்லாம் வடு விழுந்த பிறகுதான் நன்றாகப் பறக்கும். அதைக் கவனித்துத்தான் புதுப் பந்திலேயே சுத்தியலால் கொத்தி வடு போட ஆரம்பித்தார்கள். ரப்பரை உள்ளே வைத்த பந்து பரவியது அவன் போன பிறகு. அவன் அடித்த தூரங்களைப் பேசும்போது இதை மறந்துவிடாதே.

இனி அவனைப் பற்றி.

ஃப்ரெடரிக் கத்ரி டெய்ட் பிறந்தது 1870 ஜனவரி 11, எடின்பரோவில். அவன் இவன் என்று எழுதுகிறேனே என்று நினைக்காதே, உன்னைவிடச் சின்ன வயதிலேயே போய்விட்டவன், எனக்கு மரியாதைப் பன்மை வர மறுக்கிறது. அவனுடைய நண்பர் ஜான் லோ 1900இல் எழுதிய புத்தகத்தை, கைபேசியில் எழுத்தைப் பெரிதாக்கிப் பெரிதாக்கி ராத்திரிகளில் படித்தேன். வீட்டுக்கு எழுதிய கடிதங்களும், ஆடிய ஆட்டங்களைக் குறித்து வைத்த நாட்குறிப்பும் அதில் இருக்கின்றன. அப்பா ஒவ்வொரு கோடையிலும் குடும்பத்தோடு செயின்ட் ஆண்ட்ரூஸுக்குப் போவார், பிள்ளைகள் கடற்கரை மணலில் மட்டையோடு வளர்ந்தார்கள். இருட்டிய பிறகும் ஆட வேண்டும் என்று பந்துக்குப் பாஸ்பரஸ் பூசி மின்னவைத்துப் பார்த்த மனிதர் அந்த அப்பா. அப்படி ஒரு வீட்டில் இவன் வேறு எப்படி ஆவான்?

சாண்ட்ஹர்ஸ்ட் முடித்து 1890இல் லெய்ன்ஸ்டர் ரெஜிமென்ட்டில் சேர்ந்தான். 1894இல் பிளாக் வாட்ச்சுக்கு மாறினான். ஆட்டத்தில் பெரிய பெயர் எடுத்ததெல்லாம் பட்டாளத்தில் இருந்துகொண்டேதான். அதே 1894இல் செயின்ட் ஆண்ட்ரூஸில் 72 அடித்துச் சாதனை செய்தான். 1896இல் சாண்ட்விச்சில் அமெச்சூர் சாம்பியன், இறுதியாட்டத்தில் ஹரால்ட் ஹில்டனை, ஏழு குழி மீதமிருக்கும்போதே எட்டுக் குழி முன்னால் போய் மடக்கினான். 1898இல் ஹொய்லேக்கில் இரண்டாம் தடவை சாம்பியன். அதோடு 1896, 1897 இரண்டு வருடமும் ஓப்பன் போட்டியில் மூன்றாம் இடம். மட்டை செய்தும், மைதானம் பராமரித்தும், பந்தயப் பணத்திலும் வயிறு வளர்த்த தொழில்முறைக்காரர்கள் நடுவே லீவு எடுத்து வந்த ஒரு லெப்டினன்ட் மூன்றாவதாக நின்றது பெரிய காரியம். 1896இல் வென்ற ஹாரி வார்டன் பையனாக இருந்தபோது தோட்ட வேலை பார்த்தவர்.

இந்த இடத்தில் ஒன்று சொல்லியாக வேண்டும், உன் மெஸ்ஸில் யாரும் சொல்ல மாட்டார்கள். டெய்ட்டால் காசு வாங்காமல் ஆட முடிந்ததற்கு அவன் பிறந்த வீடு ஒரு காரணம், ராணுவம் அதிகாரிக்குக் கொடுத்த லீவு ஒரு காரணம். வார்டனுக்கு அந்த இரண்டும் இல்லை. நம் நாட்டிலும் அதே கதைதான். 1829இல் கல்கத்தாவில் கிளப் வந்துவிட்டது, 1892இல் அமெச்சூர் சாம்பியன்ஷிப்பும் தொடங்கிவிட்டது, ஆனால் பையைத் தூக்கியவர்கள் மட்டையைத் தொட எத்தனை காலம் ஆயிற்று! 1965இல் பி.ஜி. சேத்தி அமெச்சூராக இருந்தே இந்தியன் ஓப்பனை வென்றார். அதற்கப்புறம் ஓர் இந்தியர் வென்றது 1991இல், அலி ஷேர், டெல்லி கோல்ஃப் கிளப்பில் கேடியாக இருந்தவர். வெலிங்டனில் உன் பையைத் தூக்கி வருகிற பையனையும் அன்றைக்குக் கூட்டத்தில் உட்காரவைத்துப் பேசு. செட்டிபாளையம் மைதானத்தில் நீ ஆடினபோது அங்கே வேலை பார்த்த பிள்ளைகள் உன்னை அண்ணா என்று கூப்பிட்டது எனக்கு எவ்வளவு பெருமையாக இருந்தது தெரியுமா?

டெய்ட்டையும் கேடிகள் அப்படித்தான் நேசித்தார்கள். செயின்ட் ஆண்ட்ரூஸ் தெருவில் அவன் நடந்தால் ஊரே முகம் மலருமாம். பேக்பைப் வாசிப்பான். நெய்ல்ஸ் என்று ஒரு நாய், எங்கேயும் கூடவே வரும். ஒருநாள் அவன் அடித்த பந்து ஒருவர் தொப்பியைத் துளைத்துக்கொண்டு போய்விட்டது. புதுத் தொப்பிக்கு ஐந்து ஷில்லிங் எடுத்துக் கொடுத்துவிட்டுப் புலம்பிக்கொண்டு வந்தவனிடம், சவப்பெட்டிக்குக் கொடுக்காமல் தொப்பிக்குக் கொடுத்தாயே என்று சந்தோஷப்படு என்றாராம் கிழவர் டாம் மாரிஸ். ஆட்டத்தில் பதற்றமே கிடையாது அவனுக்கு. பந்து எங்கே விழுந்தாலும் அங்கிருந்து எடுத்துவிடலாம் என்கிற தெம்பு.

அந்தத் தெம்பை ஊர் பார்த்தது 1899இல், பிரெஸ்ட்விக்கில் நடந்த அமெச்சூர் இறுதியாட்டத்தில். எதிரே ஜான் பால். ஹொய்லேக்கில் பிறந்து வளர்ந்த, வாய் திறக்காத மனிதர், அதற்கு முன்பே நான்கு தடவை சாம்பியன். டெய்ட் முதலில் ஐந்து குழி முன்னால் போய்விட்டான். பால் ஒவ்வொன்றாக மீட்டார். முப்பத்தைந்தாவது குழியில் டெய்ட்டின் பந்து மழைத்தண்ணீர் தேங்கிய பங்கரில் போய் மிதந்தது. அவன் தண்ணீருக்குள் இறங்கினான். மிதக்கிற பந்தை, தண்ணீர் தெறிக்க, அடித்துக் கிரீனில் கொண்டுபோய் வைத்தான். பார்த்தவர்கள் கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்த அடி அது. பாலின் பந்தோ அதே பங்கரின் ஈரமணலில், பலகைச் சுவருக்குப் பக்கத்தில் ஒட்டிக் கிடந்தது. அவரும் அதே அளவுக்கு அருமையாக எடுத்தார். முப்பத்தாறு குழி முடிந்தும் சமம். முப்பத்தேழாவதில் பால் வென்றார்.

டெய்ட் தோற்ற ஆட்டம் அது. இருந்தும் அவனை நினைத்தவர்கள் எல்லாரும் முதலில் நினைத்தது அந்த ஆட்டத்தைத்தான். உன் பேச்சில் அதற்கு ஒற்றை வரிதான் ஒதுக்கியிருக்கிறாய். அரைப் பக்கம் கொடு, கண்ணு. போருக்குப் புறப்படுவதற்குக் கொஞ்சம் முன்னால், லிதமில், இருவரும் மறுபடி ஆடினார்கள். அதில் டெய்ட் வென்றான். அதையும் விட்டுவிடாதே.

பிறகு தென்னாப்பிரிக்காவில் போயர் போர். இங்கே நீ எழுதியிருப்பது முழுக்க வீரம். நான் வாசித்த வரலாறு வேறு மாதிரி. 1899 டிசம்பர் 11, மாகர்ஸ்ஃபோன்டைன். மழை பெய்கிற இருட்டில், டெய்ட் இருந்த ஹைலண்ட் பிரிகேடை நெருக்கமாக அணிவகுத்துக் குன்றை நோக்கி நடத்திப் போனார்கள். போயர்கள் குன்றின்மேல் இருப்பார்கள் என்று நினைப்பு. அவர்களோ தங்கள் தளபதி டி லா ரேயின் யோசனைப்படி குன்றின் அடிவாரத்தில் பதுங்குகுழி வெட்டி உட்கார்ந்திருந்தார்கள். விடிகிற நேரத்தில் சுட ஆரம்பித்தார்கள். ஜெனரல் வாக்கோப் அங்கேயே விழுந்தார். பகல் முழுவதும் வெயிலில் தலை தூக்க முடியாமல் ஆட்கள் தரையோடு தரையாகக் கிடந்தார்கள். டெய்ட்டுக்குத் தொடையில் குண்டு. ஆஸ்பத்திரியில் கிடந்து தேறியவன், மீண்டும் தன் ஆட்களிடமே போனான். 1900 பிப்ரவரி 7, ரியட் ஆற்றங்கரையில் கூடூஸ்பெர்க். முப்பது வயது முடிந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை.

தேறியதும் திரும்பிப் போனானே, அதைப் பற்றி எனக்கு மறுவார்த்தை இல்லை. தன் ஆட்கள் அங்கே இருக்கும்போது தான் மட்டும் இங்கே எப்படி என்று நினைத்திருப்பான். நீயும் அப்படித்தான் நினைப்பாய், எனக்குத் தெரியும். அந்த மனசை நான் மதிக்கிறேன். ஆனால் அதற்காக அந்தப் போரைத் தூக்கிப் பிடிக்க வேண்டியதில்லை. தங்கமும் வைரமும் விளைந்த மண்ணுக்காக நடந்த போர் அது. அதன் முகாம்களில் சுமார் 26,000 போயர் பெண்களும் குழந்தைகளும் செத்தார்கள், தனி முகாம்களில் அடைக்கப்பட்ட கறுப்பின மக்கள் ஆயிரம் ஆயிரமாகச் செத்தார்கள்.

நம் ஆட்களும் அங்கே இருந்தார்கள். டெய்ட் விழுவதற்கு இரண்டு வாரம் முன்னால், ஜனவரி 24இல், நேட்டால் பக்கம் ஸ்பியன் கோப்பில் சண்டை. காந்தி திரட்டிய இந்திய ஆம்புலன்ஸ் படை அங்கே காயம்பட்டவர்களை டோலியில் சுமந்தது. 1,100 பேர் கொண்ட படை, அதில் சுமார் 800 பேர் ஒப்பந்தக் கூலிகள். மதராஸ் துறைமுகத்தில் கப்பலேறிக் கரும்புத் தோட்டத்துக்குப் போன தமிழ் ஆட்கள் அவர்களில் எத்தனை பேர் இருந்திருப்பார்கள்! அவர்கள் பெயர் எந்தக் கோப்பையிலும் இல்லை. உன் பேச்சில் ஒரு வரியாவது அவர்களுக்கு இருக்கட்டும். மதராஸ் ரெஜிமென்ட்டில் நின்று பேசுகிறவன் நீ, உனக்கு அந்தக் கடமை இருக்கிறது.

இன்னொன்று. டெய்ட் இருந்த பிளாக் வாட்ச் இரண்டாம் பட்டாலியன் முன்பு 73ஆம் ரெஜிமென்ட்டாக இருந்தது. 1799 மே 4இல் ஸ்ரீரங்கப்பட்டணம் விழுந்தபோது கோட்டைக்குள் ஏறியவர்களில் அந்த 73ஆம் ரெஜிமென்ட்டும் உண்டு. அதற்குப் பிறகுதான் நம் கோயமுத்தூர்ச் சீமை கும்பினியார் கைக்குப் போனது. திப்புவோடு நின்ற காங்கயத்துப் பக்கத்துத் தீரன் சின்னமலை அதன்பிறகும் ஆறு வருடம் எதிர்த்து நின்று, 1805இல் சங்ககிரியில் தூக்கில் தொங்கினார். அன்றைக்கு மதராஸ் படைச் சிப்பாய்களும் கும்பினிப் பக்கம்தான் நின்றார்கள். இதையெல்லாம் குற்றம் சொல்ல எழுதவில்லை. ரெஜிமென்ட்டின் பெருமையைச் சொல்லும்போது இதுவும் உன் நினைவில் இருக்க வேண்டும், அவ்வளவுதான். அடுத்த ஆடி பதினெட்டுக்குச் சின்னமலைக்கு மாலை போடும்போது உனக்கே இது நெஞ்சில் ஓடும்.

இப்போது அந்த அப்பாவுக்கு வருகிறேன். இதைச் சொல்லத்தான் இத்தனை தூரம் எழுதினேன். மகன் போன செய்திக்குப் பிறகு பீட்டர் டெய்ட் தலை நிமிரவில்லை. நாற்பது வருடம் வகித்த பேராசிரியர் பதவியை 1901இல் விட்டார். அந்த வருடம் ஜூலை 4இல் கண்ணை மூடினார். அறுபத்தேழு அறுபத்தெட்டு வயதில் நன்றாக இருந்த மனுசர். பந்து ஏன் காற்றில் இன்னும் கொஞ்ச நேரம் நிற்கிறது என்று கண்டுபிடித்தவருக்கு, மகனில்லாமல் ஒன்றரை வருடம்கூடத் தாக்குப்பிடிக்க முடியவில்லை. நீ மணிமகுடம் என்று எழுதியது அந்த வீட்டில் போய் எப்படி விழுந்திருக்கும் என்று நினைத்துப் பார். நம் அம்மா ஏன் வாசலிலேயே உட்காருகிறாள் என்று நினைக்கிறாய்? உன் பட்டாலியன் எல்லைக்குப் போகிற காலமெல்லாம் தபால்காரர், போன், டிவி என்று எது சத்தம் போட்டாலும் அவள் கை நடுங்குகிறது. அதை அவள் உன்னிடம் ஒருநாளும் சொல்ல மாட்டாள். நான் சொல்கிறேன்.

ஜான் பாலும் அதே போருக்குத் தன்னார்வலராகப் போனார். திரும்பி வந்தார். வந்து 1907, 1910, 1912 என்று மேலும் மூன்று தடவை சாம்பியன் ஆனார், மொத்தம் எட்டு. அந்த எட்டை இன்றுவரை யாரும் எட்டவில்லை. இரண்டு பேருக்கும் ஒரே தைரியம்தான், கண்ணு. ஒருவர் மேல் குண்டு படவில்லை, ஒருவன் மேல் பட்டது. டெய்ட் பிழைத்து வந்திருந்தால் அந்த மூன்றில் ஒன்றாவது அவனுடையதாக இருந்திருக்கும், ரப்பர்ப் பந்தை அவன் அடித்ததை அப்பா அளந்திருப்பார். சாவு அவனுக்கு எதையும் சேர்க்கவில்லை. இருந்ததை எல்லாம் எடுத்துக்கொண்டு போனது.

நம் மண்ணிலேயே உனக்கு ஓர் ஆள் இருக்கிறாரே, அவரை ஏன் பேச்சில் சேர்க்கவில்லை? திருச்செங்கோட்டுப் பக்கத்துக் குமாரமங்கலம் ஜமீன், டாக்டர் சுப்பராயன் மகன், ஜெனரல் பி.பி. குமாரமங்கலம். கோல்ஃப் இல்லை, போலோவும் குதிரையேற்றமும் கிரிக்கெட்டும். ஆனால் ஆட்டத்தையும் பட்டாளத்தையும் ஒரே உடம்பில் வைத்திருந்தவர். 1942இல் பாலைவனப் போரில் பீர் ஹக்கீம் பக்கம் காட்டிய தீரத்துக்கு டி.எஸ்.ஓ. வாங்கினார். அங்கேயே பிடிபட்டார். இத்தாலியில் போர்க்கைதி முகாமிலிருந்து தப்பி, கணுக்கால் ஒடிந்து, மறுபடி மாட்டி, ஜெர்மனிக்குக் கொண்டுபோகப்பட்டார். அத்தனைக்கும் பிறகு வீடு திரும்பி, 1966 ஜூனிலிருந்து மூன்று வருடம் இந்திய ராணுவத்துக்கே தலைமைத் தளபதியாக இருந்தார். 2000இல், எண்பத்தாறு வயதில், நிறைந்த ஆயுளோடு போனார். கொங்கு நாட்டுப் பையன் ஒருவன் மெஸ்ஸில் எழுந்து இவர் பெயரைச் சொன்னால் எனக்குத் தூக்கம் நன்றாக வரும்.

டெய்ட் பெயரில் ஒரு கோப்பை இன்றும் இருக்கிறது, அதை நீ குறிப்பிட்டது நல்லது. தென்னாப்பிரிக்க ஓப்பனில் அமெச்சூர்களில் முதலாவதாக வருகிறவருக்கு ஃப்ரெடி டெய்ட் கோப்பை கொடுக்கிறார்கள். அவன் விழுந்த நாட்டிலேயே, ஆடுகிறவனுக்கு. பேச்சின் முடிவை அங்கே கொண்டுபோய் வை. மணிமகுட வரியை அடித்துவிடு. தண்ணீரில் மிதந்த பந்தைச் சொல், தொப்பிக்குக் கொடுத்த ஐந்து ஷில்லிங்கைச் சொல், அப்பாவின் நாடாவைச் சொல். எப்படிச் செத்தான் என்பதற்கு ஒரு வாக்கியம் போதும், நாளும் இடமும் இருந்தால் சரி.

திருத்தி எழுதியதும் அனுப்பு, மறுபடி பார்க்கிறேன். கெஜத்தையும் மீட்டரையும் கலந்து வைத்திருக்கிறாய், ஏதாவது ஒன்றாக மாற்று. கிளம்புவதற்கு முன் ஒரு ராத்திரியாவது இங்கே தங்கும்படி வா. குழந்தைகளையும் கூட்டிக்கொண்டு வா, அத்தை பணியாரம் சுட்டு வைத்திருக்கிறேன் என்று சொல். அம்மா உனக்கென்று பச்சைப்பயறும் கொள்ளும் கட்டி வைத்திருக்கிறாள், வேண்டாம் என்று சொல்லிவிடாதே. மட்டைப் பையையும் வடக்கே எடுத்துப் போ, லக்கேஜ் கூடும் என்று இங்கே போட்டுவிட்டுப் போகாதே. நீ போகிற இடத்தின் உயரத்தில் காற்று மெலிசு, பந்தைத் தூக்கும் விசையும் குறையும், இழுத்துப் பிடிக்கும் விசையும் குறையும், கூட்டிக் கழித்தால் பந்து இங்கே போவதைவிடத் தூரம் போக வேண்டும். ஒரு திறந்த வெளி கிடைத்தால் ஒரே மட்டையால் பத்துப் பந்து அடித்து, ஒவ்வொன்றையும் அளந்து, இடத்தின் உயரத்தையும் அன்றைய வெப்பத்தையும் குறித்து எனக்கு எழுது. வெலிங்டனிலும் கிளம்புமுன் அதேபோலப் பத்து அடித்து வை, ஒப்பிட வேண்டும்.

அன்புடன்,
உன் அக்கா.